வழுக்கி விழுந்த கூழைக்கடா

காட்டு ஏரி ஒன்றில் தொந்தியப்பன் என்ற கூழைக்கடா இருந்தது. ஒருநாள் காலை மீன் பிடிக்கக் கிளம்பி, பாசி படிந்த பாறையில் கால் வைத்தது. சறுக்கியது. நீண்ட அலகு சேற்றில் குத்தி நிற்க, கால்கள் இரண்டும் வானத்தைப் பார்த்து உதறின.

பறவை பார்க்க வந்த யாரோ தவறவிட்டுப் போன செல்போன் ஒன்று செவலை என்ற குரங்கிடம் இருந்தது. அது இதை அப்படியே வீடியோ எடுத்துவிட்டது.

மாலைக்குள் ஏரி முழுக்க அதே பேச்சு. செவலை தண்ணீரோரம் போனைப் பிடித்துக் காட்ட, கெண்டைக் குஞ்சுகள் முண்டியடித்துப் பார்த்தன.

"இன்னொரு தடவை போடுங்கண்ணே!"

"அந்தச் 'சொத்'துனு சத்தம் வருதே, அங்கேருந்து போடுங்க."

தொந்தியப்பனுக்கு மானம் போயிற்று. மூன்று நாள் நாணலுக்குள்ளேயே கிடந்தது. நான்காம் நாள் வயிறு ஒட்டிப்போய் வெளியே வந்தது.

உடனே குஞ்சுகள் சூழ்ந்துகொண்டன. "மாமா, நேர்ல ஒரு தடவை விழுந்து காட்டுங்க மாமா" என்றது வெள்ளிச்சி என்ற கெண்டைக் குஞ்சு.

தொந்தியப்பன் குனிந்து பார்த்தது. காலமெல்லாம் துரத்தியும் சிக்காத மீன்கள், அலகுக்கு ஒரு சாண் தூரத்தில் வாயைப் பிளந்துகொண்டு நின்றன. மூன்று நாள் வெட்கம் எங்கே போனதென்றே தெரியவில்லை.

"அதுக்கென்ன கண்ணுங்களா, கிட்ட வாங்க" என்று சொல்லித் தொப்பென்று விழுந்தது.

சேறு தெறித்தது. குஞ்சுகள் சிரித்துப் புரண்டன. கலங்கல் தெளிவதற்குள் இருபது மீன்கள் அதன் தொண்டைப் பைக்குள் போய்விட்டன.

மறுநாளும் விழுந்தது. அதற்கு மறுநாள் மல்லாந்து விழுந்தது.

வெள்ளிச்சிக்கு ஏதோ உறுத்தியது. "ஏன்டி, நம்ம கூட்டம் நாளுக்கு நாள் குறையுதே?" என்று தோழியைக் கேட்டது.

"எல்லாருக்கும் அலுத்துப்போச்சு. ஒரே கூத்தை எத்தனை நாள் பார்ப்பாங்க? நமக்கு நல்லதுதான், முன்வரிசை கிடைக்குது."

"அதுவும் சரிதான்" என்று வெள்ளிச்சி இன்னும் கொஞ்சம் முன்னே நகர்ந்தது.

பத்து நாள் கழித்து செவலை கரைக்கு வந்தது. தண்ணீரில் ஓர் அசைவும் இல்லை. "என்ன மாமா, இப்பல்லாம் வீடியோ பார்க்க ஒருத்தரும் வர்றதில்லையே?" என்று வருத்தப்பட்டது.

தொந்தியப்பன் நிதானமாக ஓர் ஏப்பம் விட்டது. "வந்தாங்க தம்பி, எல்லாரும் வந்தாங்க. திரும்பித்தான் போகலை."

அடுத்தவர் விழுவதை வேடிக்கை பார்க்க முண்டியடிப்பவர், தாம் யார் வாய்க்கு முன்னால் நிற்கிறோம் என்பதைப் பார்ப்பதில்லை.