கொற்றவேளின் கை

"அண்ணன் ஏரியில மூழ்கின அன்னைக்குத் தம்பி ஊர்லயே இல்லையாம்! நம்பிக்கோ," என்று கூட்டத்தில் யாரோ முணுமுணுத்தது நொச்சியின் காதில் விழுந்தது.

ஆம்பல்நாட்டில் நினைவு நாளன்று உச்சிவேளையில் ஏரியின் மேல் பனி இறங்கும். செத்தவர்களைப் பெயர் சொல்லி அழைப்பது படித்துறை கழுவும் நொச்சியின் வேலை. அழைத்தால் ஈரக் காலடிகள் படியேறி வரும். ஆளும் தெரியாது, குரலும் கேட்காது.

புதுத் தலைவன் மருதவேள் மேல்படியில் கால்மேல் கால் போட்டு அமர்ந்தான்.

"ஏய் நொச்சி, என் அண்ணனைக் கூப்பிடு. 'பட்டம் தம்பிக்கே' என்று ஊரறிய அவன் வாயால் சொல்ல வேண்டும். இல்லையென்றால் உன்னையும் இதே ஏரியில் அமுக்கிவிடுவேன்."

நொச்சி கைகட்டி நின்றாள்.

"செத்தவங்களுக்கு வாய் ஏதுங்க ஐயா? கை மட்டும்தான். சாகும்போது கடைசியா எதைப் பிடிச்சிருந்தாங்களோ, வந்ததும் அதையே தேடிப் பிடிப்பாங்க. நீங்கதான் அன்னைக்கு ஊர்லயே இல்லையே! அவர் ஏதாவது தாமரைத்தண்டைப் பிடிச்சா, அதையே சம்மதம்னு சொல்லிடறேன்."

யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

"கூப்பிடு," என்றான் மருதவேள். இடக்கையால் வலக்கைக் காப்பை மூடிக்கொண்டான்.

"கொற்றவேள் ஐயா! வாங்க!"

அடிப்படியில் ஓர் ஈரக் காலடி பதிந்தது. அது தாமரைகள் பக்கம் திரும்பவில்லை. அடுத்த படி நனைந்தது. அதற்கடுத்ததும் நனைந்தது. சிரித்தவர்கள் ஒதுங்கி வழிவிட்டார்கள்.

மருதவேள் எழுந்து, வலக்கையில் கிடந்த தங்கக் காப்பைப் பற்களால் கடித்துக் கழற்றி ஏரிக்குள் வீசினான்.