நாச்சிமுத்து சாரின் ரோஜாக்கல்

கொங்கு நாட்டில் ஒரு கரடு, மொட்டைப் பாறைக் குன்று. மழைகூட அந்தப் பக்கம் வந்தால் அவசரமாகக் கடந்து போய்விடும். ஆனால் அரை மணி நேரம் நடந்தால் ஏழு வகைக் கல் காலில் இடறும். கண்ணாடியைக் கீறும் வெங்கச்சாங்கல், சுக்கான்கல், காக்காப்பொன், மாதுளை முத்துப் பதித்தாற்போல் ஒரு சாம்பல் பாறை. கல் தெரிந்துகொள்ள ஆசைப்பட்டவர்கள் அங்கேதான் போவார்கள்.

கரட்டடியில் கல் பார்க்கக் கற்றுக்கொடுக்கும் தெய்வானை இருந்தாள். வயது முப்பத்தொன்று. அவளிடம் கடைசியாகச் சேர்ந்த சீடர் நாச்சிமுத்து. வயது அறுபது, ஓய்வு பெற்ற தலைமையாசிரியர். அவர் அவளை டீச்சர் என்பார், அவள் அவரை சார் என்பாள். புதிதாக வருகிறவர்கள் ஆள் மாறி வணக்கம் வைப்பார்கள். நாச்சிமுத்து அதைத் திருத்துவதில்லை.

தெய்வானையிடம் ஒரு முறை உண்டு. கல்லை எடுத்தால் முதலில் நாக்கால் தொட வேண்டும். எச்சில் பட்டால் தூசி போய் மணி மணியாக நிறம் தெரியும், களிமண் கல் என்றால் நாக்கில் ஒட்டும். அப்புறம்தான் கண். பெயர் கடைசியில்.

நாச்சிமுத்துவுக்குப் பெயர்தான் முதலில் வரும். நாக்கு வரவே வராது. முப்பத்து நாலு வருஷம் "வாயில வைக்காதே" என்று பிள்ளைகளின் கையில் தட்டியவர் எப்படிக் கல்லை நக்குவார்? முகத்தைத் திருப்பிக்கொண்டு சப்புக் கொட்டுவார், அவ்வளவுதான். தெய்வானை அதைப் பார்த்துக்கொண்டுதான் இருப்பாள்.

தேறியவருக்கு அவள் கையால் ஒரு சுத்தியல் கொடுப்பாள். அது கிடைத்தால்தான் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு கரடு ஏறலாம். நாச்சிமுத்து சுத்தியல் கிடைக்கும் முன்பே பழைய மாணவர்கள் பதினெட்டுப் பேரை ஞாயிற்றுக்கிழமை வரச்சொல்லிவிட்டார். பெருமைதான், இல்லை என்று சொல்ல முடியாது. ஆனால் வீட்டில் உட்கார்ந்த நாளிலிருந்து அவரை யாரும் எதுவும் கேட்பதில்லை. அது அவரை உள்ளுக்குள் அரித்துக்கொண்டிருந்தது.

வெள்ளிக்கிழமை காலை ஒரு துண்டு மூட்டையோடு வந்து நின்றார்.

"டீச்சர், மாடு மேயற கொறங்காட்டுல கெடைச்சுதுங்க. பாறை மேல எடுத்து வெச்சாப்ல இருந்துது."

அவிழ்த்தார். தேங்காய் அளவு கல். ரோஜா நிறம், வழவழப்பு, வெயில் உள்ளே புகுந்து மறுபக்கம் வந்தது.

"ரோஜாப் படிகமுங்க. வெங்கச்சாங்கல் சாதி. ஜில்லாவுலயே இத்தாப்பெரிசு இல்லைங்க."

"அந்தச் சாதின்னா கண்ணாடியைக் கீறணுமே சார்?"

"கீறலைங்க. நல்ல கம்பெனிக் கண்ணாடியா இருக்கும்."

"ஈரமா இருக்குதே?"

"அதுதானுங்க அதிசயம்! நேத்துச் சாரல் அடிச்சதுல இருந்து கல்லு வேர்க்குது. எந்தப் புஸ்தகத்துலயும் இல்ல."

"நக்கிப் பாத்தீங்களா?"

"பாக்காம இருப்பனுங்களா?"

தெய்வானை கல்லை வாசற்படியில் வைத்தாள். பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"இருங்க சார். பத்து மணிக்கு ஒருத்தர் இந்த வழியா வருவாங்க. அவங்க சொல்லட்டும்."

"கல்லு தெரிஞ்சவங்களா?"

"இந்தக் கல்லை அவங்க அளவுக்கு யாருக்கும் தெரியாது."

நாச்சிமுத்து வேட்டியை இழுத்துக் கட்டிக்கொண்டார். தலையைக் கையாலேயே வாரிக்கொண்டார். யார் கண்டது, போட்டோ எடுத்தாலும் எடுப்பார்கள்.

பத்து மணிக்கு ஒரு செவலைப் பசு வந்தது. பின்னால் கயிற்றைப் பிடித்துக்கொண்டு செல்லாத்தாள் வந்தாள். பசு வாசலைப் பார்த்தது. கயிற்றைப் பிடுங்கிக்கொண்டு ஓடி வந்து கல்லை நக்க ஆரம்பித்தது. முதலில் மேல், பிறகு இரண்டு பக்கமும். கண்ணை மூடிக்கொண்டு நக்கியது.

"அட, எம்பட மாட்டு உப்புக்கல்லு!" என்றாள் செல்லாத்தாள். "நாலு நாளாத் தேடறனுங்க டீச்சர். இதுக்குன்னு சந்தையில வாங்கியாந்தது. வாங்கறப்பச் செங்கல்லாட்டம் இருந்துது, நக்கி நக்கி உருண்டையாக்கிப் போட்டுது. எந்தக் கழிசடை எடுத்தானோ!"

எந்தக் கழிசடை என்று யாரும் சொல்லவில்லை. நாச்சிமுத்து கரட்டு உச்சியையே பார்த்துக்கொண்டிருந்தார். காது மட்டும் சிவந்திருந்தது.

"ஞாயித்துக்கெழம பதினெட்டுப் பேரு வராங்க டீச்சர்" என்றார் கடைசியில்.

தெய்வானை பசுவின் கழுத்தைத் தடவிக் கொடுத்து மெல்ல விலக்கினாள். கல்லை எடுத்து அவர் கையில் வைத்தாள். எச்சில் நூலாக வழிந்தது. அவர் துண்டைத் தேடினார்.

"தொடைக்காதீங்க சார்."

நாச்சிமுத்து கல்லைப் பார்த்தார். பசு அவரைப் பார்த்தது. செல்லாத்தாளுக்கு ஒன்றும் புரியவில்லை. அவர் இந்த முறை முகத்தைத் திருப்பவில்லை. கண்ணை இறுக மூடிக்கொண்டு நாக்கை நீட்டினார்.

"ஐயோ, சாருக்கு என்னமோ ஆயிப்போச்சு!" என்றாள் செல்லாத்தாள்.

"என்ன கல்லு சார்?" என்று கேட்டாள் தெய்வானை.

"உப்புங்க."

"முன்னாடி நக்கிப் பாத்தேன்னீங்களே?"

"பாக்கலைங்க. ஒரு கல்லைக்கூட இன்னை வரைக்கும் நக்குனதில்லைங்க."

சொன்னதும் அவருக்கு அழுகை வரும்போல் இருந்தது. கல்லைச் செல்லாத்தாளிடம் கொடுத்துவிட்டு, பைக்குள் கைவிட்டு செல்போனைத் தேடினார். பதினெட்டுப் பேருக்கும் வர வேண்டாம் என்று சொல்ல வேண்டுமே.

தெய்வானை உள்ளே போனாள். திரும்பி வந்தபோது அவள் கையில் சுத்தியல் இருந்தது. அவள் அதை நீட்டியபோது அவர் வாங்கவில்லை.

"எனக்கெதுக்குங்க டீச்சர்? என்னைவிட மாடுதான் சரியாப் பாத்துது."

"ஆமாங்க சார். மாட்டுக்குத்தான் குடுக்கலாம்னு பாத்தேன். புடிக்க அதுக்குக் கை இல்ல."