கல்யாணக் கேமராவும் பேய்க்கணவாயும்

இசிதோர் டீக்கடைக்குள் நுழைய கஸ்பாருக்கு அன்றைக்கு மனமே இல்லை. உள்ளே சந்தியாகு அண்ணாச்சி உட்கார்ந்திருந்தார். அவருடைய மூத்த மகள் கல்யாணத்துக்கு வீடியோ எடுத்தவன் கஸ்பார்தான். வீடியோவில் பெண் அழைப்பு இருந்தது, பந்தி இருந்தது, பாயசத்தில் விழுந்த ஈ கூட இருந்தது. தாலி கட்டு மட்டும் இல்லை. தை மாதம் இளையவள் கல்யாணம். அந்த வேலையும் கைநழுவினால் கடற்கரைத் தெருவில் இனி ஒருத்தரும் அவனைக் கூப்பிட மாட்டார்கள். அதனால் வாயைத் திறந்தான். திறந்தால் மூடத் தெரியாத வாய் அது.

தாலி கட்டையும் எடுத்திருந்தானாம். மறுநாள் காலையில் கேமராவில் அதே மெமரி கார்டோடு பாறைக்குப் படம்பிடிக்கப் போனதுதான் வினையாம். கடல் வற்றிக் கிடந்தது, பாறைக்குழித் தண்ணீரில் மீனும் நண்டும் கூடியிருந்தன. ஒரு குழியில் பேத்தை மீன் ஒன்று வெட்கத்தில் பந்து மாதிரி உப்பிக்கொண்டு நின்றதாம். கல்யாணப் பெண்ணிடம் சொல்வது போலவே, தாடையை இறக்கி லேசாகச் சிரிக்கச் சொன்னானாம். சிரித்ததாம்.

"பல்லு தெரிஞ்சுதாக்கும்?" என்றார் கடைக்கார இசிதோர்.

"நாலும் தெரிஞ்சுது" என்றான் கஸ்பார்.

வெயிலில் கண் கூசியதும் எட்டுக்கால் பேய்க்கணவாய் ஒன்று தானாகவே வந்து குடை பிடித்ததாம். இன்னொரு கையில் லைட்டு. மிச்சக் கைகளால் ஒயர் சிக்கை எடுத்ததாம். பின்னால் திரை இல்லையே என்றதும் பாறையில் விரிந்து ஒட்டிக்கொண்டது. நீலம் என்றால் நீலம், ரோஜா என்றால் ரோஜா.

அதற்குள் கடல் ஏறியிருக்குமே என்று இசிதோர் மடக்கினார்.

"ஏறுச்சு. முட்டு வரைக்கும் வந்துச்சு. கல்யாணத்துல படத்துக்காகச் சாமியாரை நிறுத்துற மாதிரி கையைக் காட்டி, ஒரு நிமிசம்னேன். அப்படியே நின்னுட்டு."

சந்தியாகு சிரிக்கவில்லை. டீயை ஊதி ஊதிக் குடித்தார்.  கதையை இன்னும் கொஞ்சம் ஏற்றினால்தான் ஆகும் என்று கஸ்பாருக்குப் பட்டது. வியர்வை துடைக்கக் கேமராவைக் கீழே வைத்தானாம், ஒரு நண்டு அதைத் தூக்கிக்கொண்டு படம் பிடித்தபடியே ஓடியதாம். பக்கவாட்டில் ஓடுகிற பிராணி அல்லவா, படத்தில் துளி ஆட்டம் கிடையாதாம். எல்லாம் முடிந்ததும் பேய்க்கணவாய் கூலியாகக் கார்டை உருவிக்கொண்டு பாறை இடுக்குக்குள் போய்விட்டதாம்.

"தாலி கட்டு இப்பக் கடலுக்கு அடியில ஓடிக்கிட்டிருக்கு அண்ணாச்சி. மீனெல்லாம் பாத்து அழுவுது."

சந்தியாகு தம்ளரைக் கீழே வைத்தார். "நெசந்தான் வே. அந்தப் பேய்க்கணவாய் நேத்து வீட்டுக்கு வந்து கார்டைத் திருப்பிக் குடுத்துட்டு. போட்டுப் பாத்தோம். தாலி கட்டுற நேரம் நீரு சமையல் கொட்டகையில எலும்பு கடிச்சுக்கிட்டு இருக்கது தெளிவா விழுந்திருக்கு. துளி ஆட்டம் இல்ல."

 அதை யார் எடுத்தது என்று கஸ்பார் மெல்லக் கேட்டான்.

"அந்த நண்டுதான்" என்று எழுந்து துண்டை உதறினார் சந்தியாகு. "இளையவ கல்யாணத்துக்கும் அதுகிட்டயே சொல்லியாச்சு. நீரு சாப்பிட வந்தாப் போதும்."