மூன்று சுவர் வீடு

ஒரு விடுகதை போடுகிறேன். பதில் தெரிந்தாலும் சொல்லிவிடாதீர்கள்; கதை முடியும்வரை நாக்கடியில் வைத்திருங்கள்.

ஒரே தெருவில் எதிரெதிரே இரண்டு வீடுகள். இரண்டுக்கும் மூன்று மூன்று சுவர்தான். ஒன்று நாலிலிருந்து தேய்ந்து மூன்றானது. மற்றது வெறுந்தரையிலிருந்து வளர்ந்து மூன்றானது. இரண்டுக்கும் கல் சுமந்தது ஒரே குடும்பம். அந்தக் குடும்பத்தின் வீடு எது?

செம்மண்குப்பத்து மாசிலாமணிக்கு முதலில் வீடே கிடையாது. தாத்தா விட்டுப்போன மனை மட்டும் இருந்தது. அதில் நாலு மூங்கிலை நட்டு, மேலே கீற்றைப் போட்டு, மனைவி செங்கமலம், தம்பிகள் ஏகாம்பரம், தாண்டவன் ஆகியோருடன் குடியிருந்தான். மழை பெய்தால் நாலு பேரும் நின்றுகொண்டே தூங்குவார்கள். படுத்தால் நனைகிற இடம் அதிகம் என்பது ஏகாம்பரத்தின் கண்டுபிடிப்பு.

செங்கமலம் முழுகாமல் இருந்தாள். ஆனி மாதத்தில் ஒருநாள் சொன்னாள்: "ஏங்க, ஐப்பசியில பிள்ளை பொறக்கும். நின்னுக்கிட்டே பெத்துக்க என்னால ஆகாது."

அந்தச் சொல் மாசிலாமணியின் நெஞ்சில் தைத்தது. பிள்ளை பிறப்பதற்குள் நாலு சுவர் எழுப்ப வேண்டும், பிறகு அந்த நாலு சுவரையும் பிள்ளைக்கே விட்டுப்போக வேண்டும் என்று முடிவு செய்தான். சுவர் என்றால் கல். கல் என்றால் ஆளவந்தார்.

ஆளவந்தார் செங்கல் சூளை வைத்திருந்தவர். பொய் சொல்லாதவர். எதைக் கேட்டாலும் உள்ளதை உள்ளபடி சொல்வார். அவரிடம் ஏமாந்தவர்கள் எல்லாரும் விவரம் முழுவதையும் கேட்டுத் தெரிந்துகொண்ட பிறகுதான் ஏமாந்தார்கள்.

"உங்க வீட்டுக்குப் பன்னிரண்டாயிரம் கல் வேணும். கடனாத் தரேன்," என்றார். "கல்லாவே திருப்பித் தரணும். வட்டி, மாசம் நூத்துக்கு ஒண்ணு. இருபது வருஷம்னா மாசம் நூத்திமுப்பத்திமூணு கல். முப்பது வருஷம்னா நூத்திஇருபத்திநாலு."

மூன்று சகோதரர்களும் சூளை ஓரத்தில் குந்தி ஆலோசனை செய்தார்கள்.

"வருஷம் ஏற ஏறக் கல்லு குறையுது, கவனிச்சீங்களா அண்ணே," என்றான் ஏகாம்பரம். "பத்து வருஷம் ஏத்துனதுக்கே ஒம்பது கல்லு குறைஞ்சுது. இன்னும் முப்பது ஏத்துனா இன்னும் இருபத்தேழு குறையணும். ஏத்திக்கிட்டே போனா ஒரு கட்டத்துல அவரு நமக்குக் கல்லு கொடுக்கணும்."

மாசிலாமணிக்கு இது நியாயமாகப் பட்டது. ஆளவந்தாரிடம் போய், "அறுபது வருஷம்னா எவ்வளவுங்க?" என்று கேட்டான்.

"நூத்திஇருபத்தொண்ணு."

"நூறு வருஷம்னா?"

"நூத்திஇருபது கல்லும் ஒரு சிட்டிகை செங்கல் தூளும்."

"அதுக்கும் கீழே போகாதுங்களா?"

"போகாது. நூத்திஇருபது வட்டி. வட்டியை மட்டும் கொடுத்தா கடன் முடியவே முடியாது."

ஏகாம்பரம் அண்ணன் காதில் சொன்னான்: "முடியாததுதான் இருக்கறதுலயே மலிவு."

தாண்டவன் அவசரப்படாதவன். "நூறு வருஷம்னா நாம இருக்கமாட்டோம். கடைசியில யாரு கட்டறது?" என்றான்.

"பிள்ளை பொறக்கப்போவுதே," என்றான் மாசிலாமணி.

"பொறக்காத பிள்ளையைக் கணக்குல சேர்க்கக் கூடாது. ஆகாது," என்றாள் கூடவே வந்திருந்த செங்கமலம். அவள் சொல்லுக்கு மறுப்பில்லை. முப்பது வருஷம் என்று முடிவானது.

ஆளவந்தார் நல்லவர் என்பதால் இன்னொன்றையும் சொன்னார். "முன்கூட்டியே சொல்லிடறேன். இருபது வருஷம்னா, கூட்டிப் பார்த்தா ரெண்டு வீடும் அரை வீட்டுக்கு மேலயும் எனக்கு வரும். முப்பதுன்னா மூணு வீடும் கிட்டத்தட்ட முக்கால் வீடும் வரும். சம்மதமா?"

"நாங்க கேட்டது ஒரு வீடுதானே. மத்த வீட்டுல யாரு இருப்பாங்க?" என்று கேட்டான் தாண்டவன்.

"நான்தான்," என்றார் ஆளவந்தார்.

அக்கம்பக்கத்தில் தெரிந்த மனிதர் இருப்பது எப்போதும் நல்லது என்று மூவரும் சம்மதித்தார்கள்.

புறப்படும்போது ஆளவந்தார் மூன்று விஷயங்களைச் சொன்னார். "ஒண்ணு, மாசப் பிறப்பன்னிக்குக் காலையில கல்லு என் வாசல்ல இருக்கணும். ரெண்டு, எல்லாம் முழுக்கல்லா இருக்கணும். மூணு, வீடு என்கிட்ட அடமானம். கடன் தீர்றவரைக்கும் அதுமேல நீங்க கை வைக்கக் கூடாது."

புரட்டாசி முடிவதற்குள் வீடு எழுந்தது. களிமண் சாந்தில் நாலு சுவர், மேலே கீற்றுக் கூரை. ஐப்பசியில் அடைமழைக்கு நடுவே செங்கமலம் உள்ளே படுத்து, நனையாமல் ஒரு பெண்ணைப் பெற்றாள். வேம்பு என்று பெயர் வைத்தார்கள். குழந்தையைத் தூக்கிக்கொண்டு நாலு சுவரையும் ஒவ்வொன்றாகக் காட்டி, "இது உன்னுது, இதுவும் உன்னுது," என்று சொன்னான் மாசிலாமணி. சொன்னானே தவிர, சுவரைத் தொடவில்லை. கை வைக்கக் கூடாது என்பது அவனுக்கு நினைவிருந்தது. அந்த வீட்டில் யாரும் சுவரில் கை ஊன்றி எழுந்ததில்லை. கதவை முழங்கையால் தள்ளினார்கள். ஒருமுறை தாண்டவன் இருட்டில் தடுமாறியபோது, சுவரைப் பிடிக்காமல் நேர்மையாக விழுந்தான்.

தவணைக் கல்லைச் சம்பாதிக்க மூவரும் ஆளவந்தாரின் சூளைக்கே வேலைக்குப் போனார்கள். கூலியில் பாதி அரிசி, பாதி கல். முதல் மாசப் பிறப்பன்று விடிவதற்குள் கல்லைக் கொண்டுபோய் வாசலிலேயே அடுக்கினார்கள். எழுந்து கதவைத் திறந்த ஆளவந்தாருக்கு எதிரே கழுத்துவரை சுவர் நின்றது.

"வாசல்லன்னா நடுவாசல்லயா? என் கண்ணுக்குத் தெரியற மாதிரி ஓரமா வைங்கப்பா," என்றார் சுவருக்கு மேலாக.

அடுத்த மாதம் ஓரமாக வைத்தார்கள். ஆனால் அவர் கண்ணுக்குத் தெரிய வேண்டுமே. ஒவ்வொரு கல்லையும் தாண்டவன் எடுத்து அவர் முகத்துக்கு நேரே பிடித்து, "தெரியுதுங்களா?" என்று கேட்டுவிட்டுத்தான் கீழே வைத்தான். நூற்றிருபத்துநாலு முறை தெரிகிறது என்று சொன்ன ஆளவந்தார் அன்று காலை கஞ்சியை மத்தியானம் குடித்தார்.

வந்த கல்லை அவர் இரண்டாகப் பிரித்து வைத்தார். நூற்றிருபது ஒரு குவியலில். நாலு இன்னொன்றில்.

"பெரிய குவியல் என்னதுங்க?" என்று கேட்டான் மாசிலாமணி.

"வட்டி."

"சின்னது?"

"அசல். இந்த நாலுதான் கடன்ல குறையும்."

"பாவம், நாலு கல்லை வெச்சுக்கிட்டு அசல் என்ன செய்யும்," என்று இரக்கப்பட்டான் தாண்டவன்.

கார்த்திகையில் சூளையில் தண்ணீர் நின்றது. தை முடிய வேலை இல்லை, கூலி இல்லை, கல்லும் இல்லை. ஆனால் மாசப் பிறப்பு மழை என்று பார்த்து நிற்குமா? குடும்பம் கூடி உட்கார்ந்தது.

"கல்லு எங்கே இருக்குன்னு யோசிங்க," என்றான் மாசிலாமணி.

எல்லாரும் யோசித்தார்கள். ஏகாம்பரம்தான் முதலில் தலைநிமிர்ந்தான். "அண்ணே, நம்மளைச் சுத்தி நாலு பக்கமும் கல்லாத்தான் இருக்கு."

"அதுமேல கை வைக்கக் கூடாதேடா."

"கடப்பாரை வைக்கக் கூடாதுன்னு சொன்னாரா?"

சொல்லவில்லை. நாலு பேரும் நினைவுபடுத்திப் பார்த்தார்கள், சொல்லவே இல்லை.

"எடுக்கறதுன்னா பின்சுவர்ல எடுங்க," என்றாள் செங்கமலம். "முன்சுவர்ல எடுத்தா தெருவுல போறவங்க என்ன நினைப்பாங்க."

இப்படியாக, ஒவ்வொரு மழைக்காலமும் பின்சுவர் கொஞ்சம் கொஞ்சமாக ஆளவந்தார் வாசலுக்கு நடந்து போனது. களிமண் சாந்து என்பதால் கற்கள் உடையாமல் முழுசாகக் கழன்றன. அந்த நிபந்தனையும் கெடவில்லை. கூரை இறங்காமல் இருக்கச் சவுக்குக் கழிகளை முட்டுக் கொடுத்தார்கள். காற்று நன்றாக வந்தது.

ஆளவந்தார் வருஷத்துக்கு ஒருமுறை தெருவில் நின்று வீட்டைப் பார்ப்பார். முன்சுவர் சுண்ணாம்பு அடித்துப் பளிச்சென்று இருக்கும். "அடமானம் பத்திரமா இருக்கு," என்று திருப்தியாகப் போவார். அவருக்கும் வேலை இருந்தது. எதிர்மனையை வாங்கி, வட்டிக் குவியலிலிருந்து கல்லெடுத்து வீடு கட்டிக்கொண்டிருந்தார்.

மாசிலாமணிக்கு அவரைப் பார்த்தால் பரிதாபமாக இருக்கும். "நமக்கு மூணே மாசத்துல வீடு வந்துடுச்சு. பாவம், இவரு வருஷக்கணக்கா கட்டறாரு," என்பான். கடன் வாங்கியதில் உள்ள லாபம் அவனுக்கு அப்போதுதான் நன்றாக விளங்கியது.

வேம்பு வளர்ந்தாள். அடுப்புக்கரியால் பின்சுவரில் ஒரு பசுவை வரைந்தாள். அந்த வருஷம் கார்த்திகையில் பசுவின் தலை போனது, மார்கழியில் முன்னங்கால்கள் போயின. ஒருநாள் அவள் எதிர்ப்பக்கம் ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு வந்து, "அப்பா, நம்ம மாட்டுத் தலை அந்த வீட்டுல இருக்கு," என்றாள்.

"போய்ப் புல்லு போட்டுட்டு வா. பசிக்கும்," என்றான் ஏகாம்பரம்.

செங்கமலமும் போய்ப் பார்த்தாள். தன் அடுப்புப் புகை படிந்த கற்களை அவளுக்கு அடையாளம் தெரிந்தது. "நம்மகிட்ட இருந்தப்ப இவ்வளவு அழகா இல்லைங்க. அங்கே போய்த்தான் களை வந்திருக்கு," என்று கணவனிடம் சொன்னாள். பெண்ணைக் கட்டிக்கொடுத்த தாயின் குரலில் சொன்னாள்.

ஆறு வருஷம் போனது. எதிர்வீடு மூன்று சுவர் வரை வளர்ந்திருந்தது. அந்தக் கார்த்திகையில் புயல் மழை. தெருவில் மாட்டிக்கொண்ட ஆளவந்தார், தலைக்கு மேல் துண்டைப் பிடித்துக்கொண்டு ஓடிவந்து மாசிலாமணியின் கதவைத் தள்ளினார். எதிரே வயல் தெரிந்தது. வயலிலிருந்து ஓர் ஆடு வீட்டுக்குள் வந்துகொண்டிருந்தது.

"பின்சுவர் எங்கே?" என்றார்.

"உங்க வீட்டுலதாங்க இருக்கு," என்றான் மாசிலாமணி. "வலப்பக்கம் பாதி, இடப்பக்கம் கொஞ்சம்."

ஆளவந்தார் துண்டை உதறி ஆட்டை ஒரு பக்கமாக ஒதுக்கினார். பிறகு, "கை வைக்காதீங்கன்னு சொன்னேனே," என்றார்.

"வைக்கலைங்க. வேணும்னா கடப்பாரையைக் கேளுங்க," என்றான் தாண்டவன்.

மாசிலாமணிக்கு மனசில் ஒரு கேள்வி ஆறு வருஷமாக இருந்தது. வீடு வேம்புக்கு முழுசாகப் போய்ச் சேர இன்னும் எத்தனை கல் பாக்கி என்பதுதான் அது. இப்போது கேட்டான்.

"இதுவரைக்கும் நீங்க கொடுத்தது எட்டாயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தெட்டு," என்றார் ஆளவந்தார்.

"அப்போ மூவாயிரம் பாக்கிங்களா?"

"பதினோராயிரத்து ஐந்நூத்து எண்பத்தொண்ணு பாக்கி."

மாசிலாமணி விரல்களை மடக்கி எண்ணிப் பார்த்தான்; விரல் போதவில்லை. தேற்றியவன் ஏகாம்பரம்தான்.

"அண்ணே, பன்னிரண்டாயிரமா இருந்தது, நானூத்துச் சொச்சம் இறங்கியிருக்கு பாருங்க. கொடுக்காம இருந்திருந்தா இதுகூட இறங்கியிருக்காது."

அது உண்மைதான். மாசிலாமணி மடக்கிய விரல்களை விரித்தான்.

"சரி, அடமான வீட்டுக்குச் சுவர் வேணும்," என்றார் ஆளவந்தார். "சூளையில தண்ணி. வேற வழியில்லை. என் வீட்டு வலப்பக்கச் சுவரைப் பிரிச்சு மூவாயிரம் கல்லு தரேன். புதுக் கடன். அதே வட்டி."

"உங்க வீட்டைப் பிரிச்சா?" என்றாள் செங்கமலம்.

"நிக்கற சுவர் குட்டி போடாதும்மா. கடன் கொடுத்த சுவர்தான் போடும்."

தாண்டவன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். நமக்காகத் தன் வீட்டையே பிரிக்கிற மனிதர் இந்தக் காலத்தில் எங்கே கிடைப்பார் என்று அண்ணன் காதில் கேட்டான்.

"என் மாட்டுத் தலை திரும்பி வருமா?" என்று கேட்டாள் வேம்பு.

"வலப்பக்கம்தானே, வரும்," என்றார் ஆளவந்தார். "இருபது வருஷம்னா மாசம் முப்பத்திநாலு கல்லு. முப்பதுன்னா முப்பத்தொண்ணு. எத்தனை வருஷம் வேணும்னாலும் கேளுங்க, எனக்குச் சம்மதம்."

ஏகாம்பரம் முப்பது என்றான். தாண்டவன் இந்த முறை அறுபது வரை போய்ப் பார்க்கலாம் என்றான். செங்கமலம், பழைய கடன் முடிகிற அன்றைக்கே புதியதும் முடிந்தால் ஒரே பொங்கலாக வைத்துவிடலாம் என்றாள். மழை நிற்கும்வரை பேசியும் முடிவாகவில்லை.

"வீடு யாருக்கு?" என்றான் மாசிலாமணி கடைசியில். "வேம்புக்கு. அப்போ அவளே சொல்லட்டும். இப்பதான் பொறந்துட்டாளே, கணக்குல சேர்க்கலாம்."

எல்லாரும் குழந்தையைப் பார்த்தார்கள். வேம்பு ஆட்டின் கழுத்தைக் கட்டிக்கொண்டு கொஞ்ச நேரம் யோசித்தாள். அவளுக்கு நூறு வரை எண்ணத் தெரியும்.

நூறு என்றாள்.