வானவீராங்கனையின் வால்

அந்தக் காலத்தில் பறவைகள் பேசவும் செய்தன, நாடகமும் போட்டன. வயிறு வலிக்கச் சிரிக்க இந்தக் கதையில் ஓர் இடம் உண்டு. ஆனால் இப்போது இல்லை. முதலில் மயில் வாத்தியார் தொண்டையைச் செரும வேண்டும்.

செருமிவிட்டார்.

ஏரிக்கரை நாடகக் குழு அவருடையது. தினமும் ஒரே நாடகம். வல்லூறு வேடம் போட்ட காக்கை கூட்டைத் தாக்கும். கரிச்சான் பெட்டை மின்னி, "ஐயோ, யாராவது வாங்களேன்!" என்று உள்ளே அழுவாள். அவள் கணவன் சாத்தன் வானவீரனாகப் பாய்ந்து காக்கையைத் துரத்துவான். சாத்தன் கன்னங்கறுப்பு, வால் இரட்டை. மின்னியோ அப்போது மஞ்சள், வாலும் ஒற்றை.

"வாத்தியாரே, எத்தனை நாளைக்கு அழுறது? நானும் சண்டை போடுறேன்."

"பொம்பள சண்டையை யாரு பாப்பாங்க? சரி, பாக்குற மாதிரி பண்ணிடலாம்!"

மறுநாளே அவளை வானவீராங்கனை ஆக்கி, வாலில் நாலு முழம் பூச்சரம் கட்டினார்.

"இதோட எப்படிப் பறக்கிறது?"

"இம்மாம் பெரிய தோகையை வெச்சுக்கிட்டு நான் ஆடலையா?"

"நீங்க ஆடுறீங்க. நான் அடிக்கணுமே!"

அன்று சரம் கருவேல முள்ளில் மாட்டியது. மின்னி தலைகீழாகத் தொங்கினாள். சாத்தன் வந்து மீட்டான். விசில் பறந்தது, அவனுக்கு.

"பாத்தியா? நாளையிலேர்ந்து அழு. இனி சண்டைப் பேச்சே எடுக்கப்படாது!"

மறுநாள் காலை மின்னி, தீப்பிடித்து எரிந்திருந்த பனையடியில் போய்க் கரியில் புரண்டாள். பிறகு கண்ணை இறுக மூடிக்கொண்டு, வாலின் நடு இறகுகளைத் தானே கடித்து எறிந்தாள். திரும்பி வந்து சாத்தன் காதில் ஏதோ சொன்னாள்.

"நானா? போடி!" என்றான் சாத்தன். ஆனால் சிரித்துவிட்டான். (நீங்கள் இன்னும் சிரிக்கக் கூடாது.)

மாலை நாடகத்தில் காக்கை வருவதற்குள் நிஜ வல்லூறே வந்துவிட்டது! முன்வரிசைப் புறாக்குஞ்சின் மேல் பாய்ந்தது. காக்கை, போட்ட வேடத்தோடு ஓடியே போயிற்று. மின்னி இதுவரை யாரையும் அடித்ததில்லை. ஆனாலும் சாத்தன் குரலில் ஒரு கத்துக் கத்திப் பாய்ந்தாள். வல்லூற்றின் பிடரியில் உட்கார்ந்து கொத்து கொத்தென்று கொத்தினாள். ஏரிக்கு அப்பால் விரட்டிவிட்டுத்தான் திரும்பினாள்.

"ஆம்பளைன்னா இவன்தான்யா!" வாத்தியார் ஓடிவந்து மாலை போட்டார். மின்னி மூச்சு வாங்கினாள்.

கூட்டுக்குள் மட்டும் அழுகை நின்றபாடில்லை.

"போதும் பொண்ணே! உன் வீட்டுக்காரன் ஜெயிச்சுட்டான்" என்று வாத்தியார் இலையை விலக்கினார்.

உள்ளே சாத்தன், மனைவியின் குரலில், கண்ணை மூடி ரசித்து ரசித்து அழுதுகொண்டிருந்தான்.

"டேய், நீ இங்கேன்னா... நான் மாலை போட்டது யாருக்குடா?"

வாத்தியார் மெல்லத் திரும்பினார். மாலைக்குள்ளிருந்து மின்னி இறக்கையை உதறினாள். கொஞ்சம் கரி பறந்தது. வாத்தியாரின் அலகு திறந்தது திறந்தபடியே நின்றது.

மீதிக் கரியை அவள் கழுவவே இல்லை. அன்று தொட்டுத்தான் கரிச்சானில் ஆண் எது, பெட்டை எது என்று பார்த்துச் சொல்ல முடிவதில்லை. வல்லூற்றை விரட்டும் கரிச்சானை 'அவன்' என்று சொல்ல எந்த மயிலும் துணிவதில்லை.