கைக்குச் சிக்கிய குஞ்சுகள்

அன்று கோழிப்பண்ணையில் இருந்தவர்கள் முதலாளி குழந்தைவேல், ஆராய்ச்சியாளர் கோதண்டபாணி, எடை போடும் இருவர், தீவனம் அரைக்கும் பாவாத்தாள். ஆக ஐவர்.

"பாரபட்சமே இல்லாமல் கைக்கு வந்த இருபது குஞ்சுகளுக்கு இந்தம்மா அரைக்கும் பழைய தீவனம் போட்டேன். மிச்சம் இருபதுக்கு என் புதுத் தீவனம். ஒரே மாதத்தில் என் குஞ்சுகள்தான் கனம். இனி இந்தம்மாவுக்கு இங்கே என்ன வேலை?" என்றார் கோதண்டபாணி.

பாவாத்தாள் கும்பிட்டாள். "இன்னிக்கு வந்திறங்கின நாப்பது குஞ்சுலயும் அதே மாதிரி இருபது பிடிங்க சாமி."

பிடித்தார். இரண்டு கூட்டத்தையும் நிறுத்துப் பார்த்தார்கள். பிடிபடாத இருபதுதான் கனம்.

"ஒரு பொட்டுத் தீவனம் போடலீங்க, அதுக்குள்ள உங்க பக்கம் ஜெயிச்சிருச்சே! நோஞ்சான்தானுங்க கைக்குச் சிக்கும், திடமானது ஓடிரும். காலுக்கு நம்பர் மாட்டி, சீட்டுக் குலுக்கிப் பிரிங்க."

"அரைக்கிற வேலை உனக்குத்தான் ஆத்தா!" என்று முதலாளி விழுந்து விழுந்து சிரித்தார். மற்றவர்களும் சிரித்தார்கள். சிரிக்காமல் மிச்சம் நின்றவர் ஒருவர்.