கரை வேலைக்கு ஒரு பெயர்

மணற்றீவுக்குப் பாலம் கிடையாது. வாகனங்களையும் ஆட்களையும் ஒரு தட்டையான இரும்பு மிதவைதான் ஏற்றி இறக்கும். ஊரார் அதைப் ‘பாதை’ என்பார்கள். அதில் மூவருக்கு வேலை. சுக்கான் பிடிப்பவர் குணநாயகம். முப்பத்தோராண்டு நின்றே ஓட்டியதில் முழங்கால் இரண்டும் வீங்கிப் போனவர். இஞ்சின் குழிக்குள் இருப்பவர் யோகராசா. அந்த இரைச்சலில் ஒரு காது போய்விட்டது, நீச்சலும் தெரியாது. கயிறு அவிழ்த்து, வாகனச் சில்லுகளுக்குத் தடைக்கட்டை வைப்பவன் சேவியர். கட்டை வைத்து முடித்ததும் அவன் கை உயர்த்துவான். அதைக் கண்ட பிறகே பாதை கரையை விட வேண்டும்.

ஆடி மாதம் ஒரு நண்பகல். கச்சான் காற்று ஓயவேயில்லை. மாற்றாள் வராததால் குணநாயகம் விடியலிலிருந்து பதினோராவது தடவையாகச் சுக்கானைப் பிடித்திருந்தார். கரையில் வரிசை நீண்டு கிடந்தது, ஹோர்ன் சத்தம் காதைத் துளைத்தது. சேவியர் சீமெந்து லொறியின் பின்னால் குனிந்திருந்தான். அவன் கை உயரும்வரை நிற்க அவருக்கு உடம்பில் தெம்பில்லை. பாதையை எடுத்துவிட்டார். சேவியர் கட்டையை விட்டுவிட்டுக் கயிற்றை அவிழ்க்க ஓடினான்; அதைச் சுருட்டி முடிக்குமுன் பாதை வெகுதூரம் வந்துவிட்டது.

நடுக்கடலில் ஓர் அலை பாதையை முன்னே சாய்த்தது. லொறி மெல்ல உருளத் தொடங்கியது. சாரதி தண்ணீர் குடிக்க இறங்கியிருந்தார். வாகனங்கள் இறங்கும் முன்வாசலில் முப்பது பேர் நின்றார்கள்.

குணநாயகம் சுக்கானை முழுதாகச் சுழற்றி வாசலை அலைக்கு எதிரே திருப்பினார். முன்பக்கம் நிமிர, லொறியின் வேகம் தளர்ந்தது. சேவியர் பாய்ந்து சில்லின் கீழ் கட்டையைச் செருகினான். கட்டையோடு அவன் விரல்களில் இரண்டு நசிந்தன. அப்போதும் ஈரமான இரும்புத் தளத்தில் லொறி வழுக்கிக்கொண்டுதான் இருந்தது. யோகராசா குழியிலிருந்து ஏறி, லொறிக்குள் தாவி, பிரேக்கை மிதித்தார். வாசலுக்கு ஒரு முழம் இருக்க லொறி நின்றது. கரை சேரும்வரை அவர் காலை எடுக்கவில்லை.

ஒரு கிழமை கழித்துப் பாதையை நடத்தும் திணைக்களத்தின் பொறியியலாளர் குணநாயகத்திடம் வந்தார்.

“ஏறுற சனத்துக்கு ரிக்கெற் குடுக்கிற கரை வேலை ஒண்டு காலியாக் கிடக்கு. சனத்தைக் காப்பாற்றின ஆளுக்குப் பரிசா அதைக் குடுக்கச் சொல்லி மேலிடம் சொல்லுது. பாதைக்குப் பொறுப்பு நீங்கள்தானே, ஒரு பெயரை எழுதித் தாங்கோ. உங்கட பெயரெண்டாலும் சரி. கட்டை வைக்காதது சேவியரின்ர கவனக்குறைவு எண்டு நான் அறிக்கையில போடுறன்.”

குணநாயகம் அவர் கொடுத்த கடதாசியை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனார். சேவியர் கட்டுப்போட்ட கையைத் தலையணைமேல் வைத்திருந்தான்.

“கை காட்டினனோ இல்லையோ எண்டு எனக்கே ஞாபகமில்லை அண்ணை,” என்றான், அவர் கேட்காமலே. “நீங்கள் அதை யோசிக்காதேங்கோ.”

அவன் பொய் சொல்கிறான் என்று அவருக்குத் தெரிந்தது. கட்டிலருகே கிடந்த மர வாங்கில் உட்கார்ந்தார். உட்கார்ந்தபின் எழும்ப மனம் வரவில்லை. கதிரை, மேசை, தலைக்குமேல் கூரை உள்ள ஒரு வேலை. தன் பெயரை எழுதினாலும் ஊரில் ஒருவரும் குறை சொல்லப்போவதில்லை.

அலைக்கு எதிரே திருப்பியவர், விரல் கொடுத்தவன், பிரேக்கை மிதித்தவர். மூவரில் ஒருவர் பிந்தியிருந்தாலும் லொறி முப்பது பேரோடு கடலுக்குள் போயிருக்கும். குணநாயகம் எழுத வேண்டிய பெயர் எது?

விடை: யோகராசா. குணநாயகம் திருப்பியது தன் பிழையால் வந்த ஆபத்தை. சேவியர் செய்தது, செய்ய விடாமல் தடுக்கப்பட்ட தன் வேலையை. காயம்பட்டவனுக்கு இலகுவான வேலை கொடுப்பது திணைக்களத்தின் கடமை, அதைப் பரிசென்று சொல்லக் கூடாது. லொறி யோகராசாவின் பொறுப்பும் அல்ல, பிழையும் அல்ல. விழுந்தால் மீளமாட்டோம் என்று தெரிந்தே ஏறியவர் அவர். குணநாயகம் அந்தப் பெயரைத்தான் எழுதினார். அதன் கீழே, “சேவியர் கை காட்டுமுன் நான் பாதையை எடுத்தேன்” என்றும் எழுதிக் கையொப்பமிட்டார். சேவியர்மேல் இருந்த பழி நீங்கியது. குணநாயகத்தை மூன்று மாதம் வேலையிலிருந்து நிறுத்தினார்கள். முதல் நாள் அவர் பகல் பத்து மணிவரை தூங்கினார்.